ஆங்கிலத்தின் முற்காலப் பெண் நாவலாசிரியர்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் வாசகர் வட்டத்தில் ஜேன் ஆஸ்டினின் நாவலை எடுத்துப் பேசத் தொடங்கினால், அரைமணி நேரத்தில் பேச்சு கதையை விட்டு விலகி, அந்த அம்மாள் யாருக்காக எழுதினார், யார் அச்சிட்டார்கள், கையில் என்ன கிடைத்தது என்ற பக்கம் போய்விடும். ஆங்கில இலக்கியம் படிக்கும் மாணவர்கள் கேட்பவையும் ஏறத்தாழ இதே கேள்விகள்தான். ஒவ்வொரு முறையும் வாயால் சொல்லிச் சலித்துப்போய் இங்கே தொகுத்துவிட்டேன். கேள்விகளைக் கேட்டவர்களின் சொற்களிலேயே விட்டுவைத்திருக்கிறேன்.

ஆங்கிலத்தில் முதன்முதலாக நாவல் எழுதிய பெண் ஜேன் ஆஸ்டின்தானே சார்?

இல்லை. ஆஸ்டினின் முதல் நாவல் அச்சேறியது 1811-இல். அதற்கு நூற்றிருபது ஆண்டுகளுக்கு முன்பே, 1688-இல், அஃப்ரா பென் என்பவர் 'ஒரூனோக்கோ' என்ற கதையை வெளியிட்டிருந்தார். சூரினாமின் தோட்டங்களுக்கு அடிமையாக விற்கப்பட்ட ஆப்பிரிக்க இளவரசன் ஒருவனைப் பற்றியது அது. அளவில் குறுநாவல் என்று சொல்லலாம். பென், இரண்டாம் சார்லஸ் அரசனுக்காக ஆன்ட்வெர்ப் நகரில் ஒற்று வேலை பார்க்கப் போய், பணம் ஒழுங்காக வந்து சேராமல் கடனாளியாகத் திரும்பியவர். பிறகு நாடகங்கள் எழுதிப் பிழைத்தார். 1689-இல் இறந்த அவருடைய கல்லறை வெஸ்ட்மின்ஸ்டர் அபேயில் இருக்கிறது.

அவருக்குப் பின் 1719-இல் எலைசா ஹேவுட், 1744-இல் சாரா ஃபீல்டிங், 1752-இல் 'பெண் குவிக்சாட்' எழுதிய சார்லட் லெனாக்ஸ் என்று வரிசை நீள்கிறது. ஆகவே ஆஸ்டின் தொடங்கிவைத்தவர் அல்லர். முன்னவர்கள் பலர் போட்டுவைத்த பாதையில் வந்தவர். உலக அளவில் கேட்டால் பதினோராம் நூற்றாண்டு ஜப்பானின் முரசாகி ஷிகிபுவும், 1678-இல் எழுதிய பிரான்சின் மதாம் தெ லாஃபாயெத்தும் இவர்களுக்கும் மூத்தவர்கள். இந்தப் பக்கம் இங்கிலாந்தோடு நின்றுகொள்கிறது.

பெண்களைப் பள்ளிக்கூடத்துக்கே ஒழுங்காக அனுப்பாத காலத்தில் இவ்வளவு பேர் எழுதக் கற்றது எப்படி?

பல்கலைக்கழகக் கதவு அவர்களுக்குத் திறக்கவே இல்லை. ஆக்ஸ்ஃபோர்டு பெண்களுக்குப் பட்டம் கொடுத்தது 1920-இல். கேம்பிரிட்ஜ் 1948 வரை இழுத்தடித்தது. ஆண்பிள்ளைகள் லத்தீனிலும் கிரேக்கத்திலும் ஊறி வளர, பெண்பிள்ளைகளுக்குக் கிடைத்தவை அப்பாவின் புத்தக அலமாரியும் எழுதுதாளும்தான். சாரா ஃபீல்டிங் கிரேக்கம் கற்று செனஃபனை மொழிபெயர்த்தது போன்றவை விதிவிலக்குகள்.

ஆனால் நாவலுக்கு லத்தீன் தேவைப்படவில்லை. காவியத்துக்கும் துன்பியல் நாடகத்துக்கும் பழைய இலக்கணங்கள் இருந்தன. நாவல் நேற்று முளைத்த செடி, அதற்கு வாத்தியார் யாரும் இல்லை. தவிரவும், நடுத்தர வீட்டுப் பெண்கள் நாள்தோறும் கடிதம் எழுதினார்கள்: யார் வீட்டுக்கு யார் வந்தார், என்ன உடுத்தியிருந்தார், என்ன சொல்லி எதை மறைத்தார் என்று பக்கம் பக்கமாக. அந்நூற்றாண்டு நாவல்களில் பல கடித வடிவில் இருந்தது அவர்களுக்கு வாய்ப்பாகப் போயிற்று. ஃபிரான்சிஸ் பர்னியின் 'எவலினா' முழுக்க முழுக்கக் கடிதங்களால் ஆனது. நாவலை அவர்கள் புதிதாகக் கற்க வேண்டியிருக்கவில்லை, ஏற்கெனவே செய்துகொண்டிருந்ததை நீட்டினார்கள் என்பதே என் எண்ணம்.

எல்லாரும் ஏன் பெயரை மறைத்துக்கொண்டு எழுதினார்கள்? அவ்வளவு பயமா?

பயம் ஒரு பகுதிதான். பெயரில்லாமல் நாவல் வெளியிடுவது அன்று ஆண்களுக்கும் பொது வழக்கம். வால்டர் ஸ்காட் 1814-இல் 'வேவர்லி'யைப் பெயரின்றி வெளியிட்டு, அதற்குப் பின் பதின்மூன்று ஆண்டுகள் தாமே ஆசிரியர் என்று வெளிப்படையாக ஒப்புக்கொள்ளாமல் இருந்தார். ஆஸ்டினின் முதல் நாவலின் முகப்பில் 'ஒரு சீமாட்டி எழுதியது' என்று மட்டும் இருந்தது. அதை மறைப்பு என்று மட்டும் படிக்கக் கூடாது. எழுதியது பெண் என்று விளம்பரப்படுத்தும் வாசகமும் அதுவே. விற்பனைக்கு உதவாவிட்டால் பதிப்பாளர் அதைப் போட்டிருக்க மாட்டார்.

பயத்துக்கு உண்மையான எடுத்துக்காட்டு வேண்டுமென்றால் பர்னியைப் பார்க்க வேண்டும். தாம் எழுதிய எல்லாவற்றையும், ஒரு முழு நாவல் உட்பட, பதினைந்தாம் வயதில் தீயிலிட்டார். எரிந்த நாவலின் நாயகி கேரலைன் எவ்லின். அவளுடைய மகள்தான் பின்னர் எவலினா ஆனாள். இசை வரலாற்றாசிரியரான தந்தையின் கையெழுத்துப்படிகளை நகலெடுத்துக் கொடுத்தவர் பர்னி என்பதால், அவருடைய கையெழுத்து லண்டன் அச்சகத்தாருக்குப் பழக்கமானது. எனவே 'எவலினா'வை வேறொரு கையெழுத்தில், இரவுகளில் உட்கார்ந்து, திரும்ப எழுதினார். தம்பி சார்லஸ் மாறுவேடத்தில் அதைப் பதிப்பாளர் தாமஸ் லவுண்ட்ஸிடம் கொண்டுபோனார். 1778 ஜனவரியில் புத்தகம் வெளிவந்தபோது தந்தைக்கு அது மகளுடையது என்று தெரியாது. சில மாதங்கள் கழித்து, அக்காலத்தின் பெரிய இலக்கிய விமர்சகர் சாமுவேல் ஜான்சனே அதைப் புகழ்ந்தார்.

ஒரு நாவலுக்கு எவ்வளவு பணம் கொடுத்தார்கள்? அதை வைத்துக் குடும்பம் நடத்த முடியுமா?

ஒரே விலை என்று எதுவும் இல்லை. முதலில், அந்தத் தொகைகளை அளக்க ஓர் அளவுகோல். சார்லட் பிரான்டே 1841-இல் ஒரு வீட்டில் ஆசிரியையாக இருந்தபோது ஆண்டுச் சம்பளம் 20 பவுண்டு. அதிலும் துணி வெளுக்க 4 பவுண்டு பிடித்துக்கொண்டார்கள். கௌரவமாக வேலைக்குப் போகும் பெண்ணுக்கு அன்று இருந்த வழி ஏறத்தாழ அது ஒன்றுதான்.

புத்தகத்துக்குப் பணம் பெற மூன்று வழிகள் இருந்தன. பதிப்புரிமையை மொத்தமாக விற்றுவிடலாம்: பர்னி 'எவலினா'வுக்குப் பெற்றது ஏறக்குறைய 20 பவுண்டு, அது எத்தனை பதிப்பு ஓடினாலும் லாபம் பதிப்பாளருக்கே. அடுத்த நாவலான 'செசிலியா'வுக்கு 250 கிடைத்தது. திகில் நாவல் எழுதிய ஆன் ராட்கிளிஃப் 1794-இல் 500 பவுண்டும், அடுத்து 'தி இட்டாலியன்' நாவலுக்கு 800 பவுண்டும் வாங்கினார். இரண்டாவது, சந்தா முறை: அச்சாவதற்கு முன்பே ஆளுக்கு ஒரு கினி, அதாவது 21 ஷில்லிங், வசூலித்து, பணம் கட்டியவர்கள் பெயரைப் புத்தகத்திலேயே அச்சிடுவார்கள். 1796-இல் பர்னியின் 'கமீலா' அப்படி வந்தது. கிடைத்த பணத்தில் அவர் ஒரு வீடே கட்டினார். அந்தப் பெயர்ப் பட்டியலில் 'மிஸ் ஜே. ஆஸ்டின், ஸ்டீவன்டன்' என்று ஒரு வரி இருக்கிறது. இருபது வயது ஆஸ்டின் பெயர் அச்சில் ஏறியது எழுதியவராக அல்ல, காசு கொடுத்து வாங்கியவராக.

மூன்றாவது, கமிஷன் முறை: அச்சுச் செலவும் நஷ்டமும் ஆசிரியர் தலையில், விற்பனையில் பதிப்பாளருக்குக் கழிவு. ஆஸ்டினின் முதல் நாவல் இப்படித்தான் வந்து, இரண்டு ஆண்டுகளுக்குள் 140 பவுண்டு லாபம் தந்தது. ஆனால் 'பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்' நாவலின் உரிமையை 150 கேட்டு 110-க்கு விற்றுவிட்டார். இன்றுவரை விற்றுக்கொண்டே இருக்கும் புத்தகத்துக்கு மொத்த வரவு அவ்வளவே. வாழ்நாள் முழுக்க எழுத்தால் அவர் ஈட்டியது அறுநூற்றுச் சொச்சம் பவுண்டு. குடும்பம் நடத்த முடியுமா என்றால், ராட்கிளிஃபுக்கு முடிந்திருக்கும். ஆஸ்டின் அண்ணன் கொடுத்த வீட்டில் இருந்தார்.

வாசகர்கள் எல்லாரும் விலைக்கு வாங்கினார்களா? நம்ம ஊர் லெண்டிங் லைப்ரரி மாதிரி ஏதாவது உண்டா?

உண்டு, அதுவே அந்த இலக்கிய உலகின் அச்சாணி. நாவலின் விலை நடுத்தரக் குடும்பத்துக்கும் கட்டுப்படியாகாது. 1820-களிலிருந்து மூன்று தொகுதி நாவலின் விலை 31 ஷில்லிங் 6 பென்னி என்று நிலைத்துவிட்டது. மேலே சொன்ன 20 பவுண்டு என்பது 400 ஷில்லிங். அந்த ஆசிரியை ஒரு நாவல் வாங்க மாதச் சம்பளத்தையே கொடுக்க வேண்டியிருக்கும். ஆனால் 1842-இல் லண்டனில் மூடி என்பவர் நூல்களை இரவல் தரத் தொடங்கியபோது, அவரிடம் ஓர் ஆண்டுச் சந்தா ஒரே ஒரு கினி.

மூன்று தொகுதிகள் எதற்கு என்று பலரும் கேட்கிறார்கள். ஒரு தொகுதியை அம்மா படிக்க, அடுத்ததை மகள் படிக்க, மூன்றாவது பக்கத்துத் தெருவில் இருக்கும். ஒரே நாவலை மூன்று சந்தாதாரர்களுக்குச் சுற்றில் விடலாம் என்ற வியாபாரக் கணக்குதான். அந்தக் கணக்கு கதையின் வடிவத்தையே தீர்மானித்தது: தொகுதி முடியும் இடத்தில் ஒரு முடிச்சு விழ வேண்டும். பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் வில்லியம் லேன் என்பவர் லண்டன் லெடன்ஹால் தெருவில் மினர்வா அச்சகத்தையும் இரவல் நூலகத்தையும் ஒருசேர நடத்தினார்; அவருக்கு எழுதியவர்களில் பெண்கள் ஏராளம். அவை தரமற்றவை என்று பண்டிதர்கள் முகம் சுளித்தார்கள். பலவும் அப்படித்தான் என்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

சம்பாதித்த பணமாவது அவர்கள் கையில் இருந்ததா?

மணமாகாதவராகவோ கைம்பெண்ணாகவோ இருந்தால் இருந்தது. மணமான பெண்ணுக்குச் சட்டத்தின் கண்ணில் தனி இருப்பே கிடையாது. அவள் ஈட்டியது கணவனுடையது. ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் உரிமையும் அவனுடையது. 1870-ஆம் ஆண்டுச் சட்டம் மனைவியின் சம்பாத்தியத்தை அவளுக்கே ஆக்கியது. 1882-ஆம் ஆண்டுச் சட்டம் மற்ற சொத்துகளுக்கும் அதை விரித்தது. இந்தப் பக்கத்தில் பெயர் வரும் இங்கிலாந்து நாவல்கள் எல்லாம் அதற்கு முந்தியவை.

சார்லட் ஸ்மித்தின் கதையைச் சொன்னால் இது இன்னும் விளங்கும். கணவன் பட்ட கடனுக்காக அவனோடு சேர்ந்து கடனாளிகள் சிறையில் இருந்தார். அங்கிருந்து வெளியேறப் பணம் திரட்டவே 1784-இல் கவிதைத் தொகுப்பு வெளியிட்டார். பன்னிரண்டு பிள்ளைகளைப் பெற்றவர், பின்னர் கணவனைப் பிரிந்து வந்து 1788 முதல் வரிசையாக நாவல்கள் எழுதினார். பிரிந்த பிறகும் பணம் வந்த சேதி கேட்டுக் கணவன் வந்து நிற்பான். சட்டம் அவன் பக்கம். மாமனார் பேரப்பிள்ளைகளுக்கென்று எழுதிவைத்த உயிலோ வழக்கில் சிக்கி, ஸ்மித் 1806-இல் இறந்தும் ஏழு ஆண்டுகள் கழித்து, 1813-இல்தான் முடிந்தது. அவருடைய நாவல்களில் வக்கீல்கள் ஏன் அத்தனை கேவலமாக வருகிறார்கள் என்று இனி யாரும் கேட்க மாட்டீர்கள்.

நல்ல கணவன் வாய்த்தாலும் நிலை பெரிதாக மாறவில்லை. எலிசபெத் காஸ்கெல், டிக்கன்ஸின் பத்திரிகைக்கு எழுதிய முதல் கதைக்கு 20 பவுண்டு வந்ததையும், அதைக் கணவர் அமைதியாகத் தம் சட்டைப்பைக்குள் வைத்துப் பொத்தான் போட்டுக்கொண்டதையும் ஒரு கடிதத்தில் சிரித்தபடியே எழுதினார். அதே காஸ்கெல் 1865-இல் ஹாம்ப்ஷயரில் கணவருக்குச் சொல்லாமல் ஒரு வீடு வாங்கி, அவ்வாண்டு நவம்பரில் அந்த வீட்டிலேயே உயிர்விட்டார்.

விமர்சகர்கள் பெண்களைக் கேலி செய்தார்களாமே, உண்மையா?

உண்மை, ஆனால் ஒரே விதமாக அல்ல. அலெக்சாண்டர் போப் 1728-இல் எழுதிய அங்கதக் காவியத்தில் எலைசா ஹேவுட்டை ஆபாசமாகவே இழிவுபடுத்தினார். நூற்றாண்டின் பிற்பகுதியில் வசைக்குப் பதிலாகச் சலுகை வந்தது: பெண் எழுதியது, ஆகவே கடுமையாகச் சொல்ல மனமில்லை என்கிற தொனி. எனக்கு இரண்டாவதே அதிகத் தீங்கானதாகப் படுகிறது. வசையோடு மல்லுக்கட்டலாம், முதுகில் தட்டிக்கொடுப்பவரோடு எப்படி மல்லுக்கட்டுவது? 1837-இல் அரசவைக் கவிஞர் ராபர்ட் சௌத்தி (Southey), தமக்குக் கவிதை அனுப்பிய இருபது வயது சார்லட் பிரான்டேவுக்கு, இலக்கியம் பெண்ணின் வாழ்க்கைத் தொழிலாக இருக்க முடியாது, இருக்கவும் கூடாது என்று பதில் எழுதினார். கடிதம் முழுக்கக் கனிவு ததும்புகிறது.

கேலி செய்தவர்கள் ஆண்கள் மட்டுமல்லர். 1856-இல், தாம் நாவல் எழுதத் தொடங்கும் தறுவாயில், மேரியன் எவன்ஸ், பெண்கள் எழுதும் அசட்டு நாவல்களைக் கிழிகிழியென்று கிழித்து ஒரு கட்டுரை எழுதினார். அவர்தான் ஜார்ஜ் எலியட்.

பெயர் மறைப்பது பொது வழக்கம்தான் என்றீர்கள். அப்படியானால் பிரான்டே சகோதரிகளும் ஜார்ஜ் எலியட்டும் எதற்கு ஆண் பெயர் வைத்துக்கொண்டார்கள்? மாட்டிக்கொண்டீர்களா?

ஓரளவு மாட்டிக்கொண்டேன்தான். பெயரே போடாமல் இருப்பது வேறு, வேறொரு பெயரைப் போட்டுக்கொள்வது வேறு. முதலாவது வழக்கம், இரண்டாவது, மேலே சொன்ன சலுகை விமர்சனத்திலிருந்து தப்பும் உத்தி. பெண் எழுத்தாளர்களை ஒருவிதத் தப்பெண்ணத்தோடு பார்க்கிறார்கள் என்று தங்களுக்குத் தோன்றியதாக சார்லட் பின்னாளில் எழுதினார். கூர்ந்து பார்த்தால் சார்லட், எமிலி, ஆன் மூவரும் வைத்துக்கொண்ட கரர் பெல், எல்லிஸ் பெல், ஆக்டன் பெல் என்ற பெயர்கள் தெளிவான ஆண் பெயர்களும் அல்ல. அவரவர் முதலெழுத்தை மட்டும் காப்பாற்றிக்கொண்ட, இரண்டுங்கெட்டான் பெயர்கள். மூவரும் சொந்தச் செலவில் 1846-இல் வெளியிட்ட கவிதைத் தொகுப்பு முதல் ஓராண்டில் இரண்டே இரண்டு பிரதி விற்றது. மறு ஆண்டு 'ஜேன் அயர்' வந்ததும், மூன்று பெயரும் ஒரே ஆளா என்று ஊரே கேட்கத் தொடங்கியது.

1848 ஜூலையில், ஆனின் பதிப்பாளர் அவருடைய புது நாவலை 'ஜேன் அயர்' ஆசிரியருடையது என்று அமெரிக்காவில் விலைபேச, சார்லட்டின் பதிப்பாளர் ஜார்ஜ் ஸ்மித் விளக்கம் கேட்டுக் கடிதம் எழுதினார். கடிதம் கிடைத்த அன்றே சார்லட்டும் ஆனும் ரயில்நிலையத்துக்கு நடந்தே போய், இரவு ரயிலேறி, மறுநாள் காலை லண்டன் கார்ன்ஹில் தெருவில் ஸ்மித்தின் அலுவலகத்தில் போய் நின்றார்கள். சார்லட் விளக்கம் எதுவும் சொல்லாமல், ஸ்மித் அனுப்பிய கடிதத்தையே அவர் கையில் கொடுத்தார். இது உங்களுக்கு எங்கே கிடைத்தது என்று ஸ்மித் கேட்டார். ஓராண்டாகத் தாம் கடிதம் எழுதிவந்த கரர் பெல், எதிரே நின்ற அந்தக் குள்ளமான கண்ணாடிக்காரப் பெண்தான் என்று விளங்க அவருக்குச் சற்று நேரம் பிடித்தது.

ஆஸ்டின் யாருக்கும் தெரியாமல் ஒளித்து எழுதினார், கதவு கிறீச்சிட்டால் தாளை மறைத்துவிடுவார் என்று படித்தேனே?

அது அவருடைய அண்ணன் மகன் 1869-இல் வெளியிட்ட நினைவுநூலிலிருந்து வருவது. விருந்தாளிகளிடமும் வேலையாட்களிடமும் மறைத்திருக்கலாம். குடும்பத்தில் எல்லாருக்கும் தெரியும். வீட்டில் உரக்கப் படித்துக் காட்டப்பட்ட பிறகே நாவல்கள் வெளியே போயின. அடக்கமே உருவான அத்தை என்ற படம் விக்டோரியா காலத்துக் குடும்பத்துக்கு உவப்பாக இருந்தது, அவ்வளவுதான்.

கடிதங்களில் தெரிவது வேறு ஆள். 1803-இல் கிராஸ்பி என்ற பதிப்பாளர் அவருடைய ஒரு நாவலை 10 பவுண்டுக்கு வாங்கி, அச்சிடாமலே கிடப்பில் போட்டுவிட்டார். ஆறு ஆண்டுகள் கழித்து, திருமதி ஆஷ்டன் டென்னிஸ் என்ற பொய்ப்பெயரில் ஆஸ்டின் அவரைக் கேட்டு எழுதினார். கையொப்பத்தின் முதலெழுத்துகளை (M.A.D.) சேர்த்தால் ஆங்கிலத்தில் 'கோபம்' என்று பொருள்படும் சொல் வரும். அதே 10 பவுண்டைக் கொடுத்து 1816-இல் கையெழுத்துப்படி மீட்கப்பட்டது. 'நார்த்தாங்கர் அபே' என்ற பெயரில் அது வெளிவந்தபோது ஆஸ்டின் உயிரோடு இல்லை.

இவர்கள் எல்லாரும் பெண் விடுதலைக்காக எழுதியவர்கள் என்று பரீட்சையில் எழுதலாமா?

எழுதாதீர்கள். மேரி வுல்ஸ்டன்கிராஃப்ட் எழுதினார். ஆனால் அதே காலத்தில் ஹன்னா மோர், பெண் அடக்கமாக இருக்க வேண்டும் என்று போதிப்பதற்கே நாவல் எழுதினார். 1798-இல் வுல்ஸ்டன்கிராஃப்டின் கணவர் காட்வின், இறந்துபோன மனைவியின் சொந்த வாழ்க்கையை ஒளிவுமறைவின்றி எழுதி வெளியிட்டது அவர் பெயரை நெடுங்காலம் கெடுத்தது. சார்லட் ஸ்மித் பிழைப்புக்காக எழுதினார், பர்னி எழுதாமல் இருக்க முடியாததால் எழுதினார். எல்லாரையும் ஒரே கொடியின்கீழ் நிறுத்தினால் அவர்களுக்குள் நடந்த சண்டை காணாமல் போய்விடும்.

இத்தனை பேர் இருந்தும் எங்கள் பாடத்தில் ஏன் ஆஸ்டினுக்கு முன் ஒருவரும் இல்லை?

மறதி தானாக வருவதில்லை. பட்டியல் போடுபவர்கள் கைவேலை அது. 1810-இல் ஆனா பார்பால்ட் என்ற பெண் ஐம்பது தொகுதிகளில் ஆங்கில நாவல் வரிசை ஒன்றைத் தொகுத்தபோது லெனாக்ஸ், ஸ்மித், பர்னி, ராட்கிளிஃப், எட்ஜ்வர்த் எல்லாரும் அதில் இருந்தார்கள். அடுத்த நூற்றாண்டில் பல்கலைக்கழகங்கள் ஆங்கில நாவலுக்கு வம்சாவளி எழுதியபோது அது டீஃபோ, ரிச்சர்ட்சன், ஹென்றி ஃபீல்டிங் என்று மூன்று தந்தைமாரோடு தொடங்கியது. 1957-இல் வெளியான இயன் வாட்டின் புகழ்பெற்ற ஆய்வு நூல் அந்த மூவரையே தூணாக நிறுத்தியது. 1980-களில் பெண்ணிய ஆய்வாளர்கள் பழைய பிரதிகளைத் தேடி மறுபதிப்புச் செய்த பின்பே மற்றவர்கள் திரும்பி வந்தார்கள். நம் பாடத்திட்டங்கள் பெரும்பாலும் அதற்கு முந்திய புத்தகங்களைப் பார்த்து எழுதப்பட்டவை.

நம்ம பக்கம் இதற்கு இணையாக யாராவது உண்டா?

நேரடித் தொடர்பு உள்ளவர் சென்னையில் வாழ்ந்த கிருபாபாய் சத்தியநாதன். அகமது நகரில் பிறந்து, மருத்துவம் படிக்கச் சென்னைக்கு வந்து, உடல்நலம் கெட்டுப் படிப்பை விட்டவர். அவருடைய ஆங்கில நாவல் 'சகுணா', 1887–88-இல் சென்னை கிறித்தவக் கல்லூரி இதழில் தொடராக வந்தது. 1894-இல், முப்பத்திரண்டு வயதில், இறந்தார். யாழ்ப்பாணத்து மங்களநாயகம் தம்பையாவின் 'நொறுங்குண்ட இருதயம்' 1914-இல் வெளிவந்தது. சந்தை என்ற கோணத்தில் பார்த்தால் மிக நெருக்கமானவர் வை. மு. கோதைநாயகி அம்மாள்: 1925-இல் 'ஜகன்மோகினி' இதழைத் தாமே ஏற்று நடத்தி, நூற்றுக்கும் மேற்பட்ட நாவல்களை எழுதினார். பதிப்பாளரும் அவரே, ஆசிரியரும் அவரே. லவுண்ட்ஸும் கிராஸ்பியும் அவருக்குத் தேவைப்படவில்லை.

ஆஸ்டினுக்கு முந்தியவர்களில் ஒரே ஒரு நாவல் படிக்கலாம் என்றால் எதைச் சொல்வீர்கள்?

'எவலினா'. கிராமத்திலிருந்து லண்டனுக்கு வந்த பதினேழு வயதுப் பெண், முதல் நடன விருந்தில் ஒருவனை மறுத்துவிட்டு இன்னொருவனோடு ஆடக் கூடாது என்ற விதி தெரியாமல் மாட்டிக்கொண்டு விழிக்கும் பதினோராவது கடிதத்தை முதலில் படியுங்கள். அது பிடித்திருந்தால் முதல் கடிதத்துக்குப் போகலாம்.